தண்ணி வந்துட்டுன்னு கூப்பிட்டேன்

எனக்கு எழுத வராது. முதலிலேயே சொல்லிவிடுகிறேன், பிறகு குறை சொல்லாதீர்கள். ஐந்தாம் வகுப்போடு படிப்பை நிறுத்தியவள் நான். அதற்குப் பிறகு பேனா பிடித்ததெல்லாம் ரேஷன் கடையிலும் தீப்பெட்டி ஆபீஸிலும் கையெழுத்துப் போடத்தான். ஒற்று எங்கே வரும், எங்கே வராது என்று தெரியாது. இப்போது மறதியும் சேர்ந்துகொண்டது. நேற்றுச் சொன்னதையே இன்றைக்கும் சொல்லுகிறேன் என்று என் மகன் போனில் சிரிக்கிறான். அதனால் இந்த ஒரு விஷயத்தை மறப்பதற்குள் எழுதிவைக்கிறேன். வாயால் சொல்ல வெட்கமாக இருக்கிறது. எழுதினால் யார் முகத்தையும் பார்க்க வேண்டாம்.

விஷயம் இதுதான். எனக்கு ராத்திரியில் பயம்.

திருடன் பயமில்லை. என்னிடம் திருட என்ன இருக்கிறது? பேய் பயமும் இல்லை. இன்னதென்று சொல்லத் தெரியாத பயம். வீடு அமைதியாகிவிட்டால் நெஞ்சுக்குள் தடதடவென்று ஏதோ ஓட ஆரம்பிக்கும். உள்ளங்கை வேர்க்கும். எழுந்துபோய்க் கதவுத் தாழ்ப்பாளைத் தொட்டுப் பார்ப்பேன். படுப்பேன். மறுபடி எழுந்துபோய்த் தொட்டுப் பார்ப்பேன்.

என் வீட்டுக்காரர் இருந்தவரைக்கும் தினமும் படுத்தபிறகு ஒரே கேள்விதான் கேட்பார். "ஏட்டி, கதவு போட்டாச்சா?" நான் "போட்டாச்சு" என்பேன். அவ்வளவுதான். அதற்குமேல் பேசமாட்டோம், அடுத்த நிமிஷம் குறட்டை வந்துவிடும். நாற்பத்தாறு வருஷம் ஒருநாள் தவறாமல் கேட்டிருக்கிறார். சில நாள் எனக்குக் கோபமாகக்கூட வரும். போடாமலா வந்து படுப்பேன் என்று மனசுக்குள் சொல்லிக்கொள்வேன். அவர் போனபிறகு கேட்க ஆளில்லை. யாரும் கேட்காததால், போட்டோமா என்று எனக்கே நிச்சயமில்லாமல் போய்விட்டது.

நான் பிறந்தது விளாத்திகுளம் பக்கம் ஒரு ஊர். அங்கே ஒரே பாயில் ஐந்து பேர் படுத்திருந்தோம். கல்யாணமாகி இங்கே கோவில்பட்டிக்கு வந்தால் மாமியார், மாமனார், நாத்தனார், கொழுந்தன்மார். பகலெல்லாம் தீப்பெட்டி ஆபீஸில் கட்டை அடுக்குவேன். கட்டை என்றால் சட்டத்தில் தீக்குச்சியை வரிசையாகச் செருகுவது. சுற்றி நாற்பது பெண்கள் வாய் ஓயாமல் பேசிக்கொண்டிருப்பார்கள். நான் பேசமாட்டேன், கேட்டுக்கொண்டிருப்பேன். யோசித்துப் பார்த்தால், எழுபத்தொரு வயது வரைக்கும் ஒரு ராத்திரிகூட நான் தனியாகப் படுத்ததில்லை. பழகாத வேலையை வயசான காலத்தில் செய்யச் சொன்ன மாதிரி இருந்தது.

என் மகன் கோயம்புத்தூரில் இருக்கிறான். தங்கமான பிள்ளை. தினமும் ஒன்பது மணிக்குப் போன் பண்ணுவான். "நல்லாத் தூங்குதியாம்மா?" என்பான். "படுத்தா அசையாமத் தூங்குதேன்" என்பேன். பொய்தான். ஏன் பொய் என்றால், அவர் காரியம் முடிந்த அன்றைக்கே அவன் ஒன்று சொல்லிவிட்டான். "அம்மா, உன் இஷ்டப்படி இங்கேயே இரு. ஆனா ராத்திரி ஒருநாள் பயந்தேன்னு தெரிஞ்சாலும் சரி, மறுநாளே வந்து கூட்டிட்டுப் போயிருவேன். அதுக்கப்புறம் நான் ஒன் பேச்சைக் கேக்க மாட்டேன்." ஒரு மாதம் அங்கே போய் இருந்தும் பார்த்தேன். மூன்றாவது மாடி. மகனும் மருமகளும் வேலைக்குப் போய்விடுவார்கள். பக்கத்துக் கதவு எந்நேரமும் சாத்தியிருக்கும். அவர்களிடம் நானாகப் போய்ப் பேசும் துணிச்சல் எனக்கு இல்லை. இங்கே நான் பேசாவிட்டாலும் தெருவுக்கு என்னைத் தெரியும். அதனால் பயத்தை மறைத்தால்தான் இந்த வீட்டில் இருக்கலாம் என்று முடிவு பண்ணிக்கொண்டேன்.

எனக்கிருந்த துணை எதிர்வீட்டுத் தையல் மெஷின். எதிர்வீட்டுக்காரி என்னைவிடப் பதினைந்து வயது இளையவள். புருஷன் துபாயில். ஒரே மகளைக் கட்டிக்கொடுத்துவிட்டாள். புதியம்புத்தூரிலிருந்து வெட்டின துணியைக் கட்டாக வாங்கிவந்து பிள்ளைகளுக்குக் கவுன் தைத்துக் கொடுப்பாள். ராத்திரி ஒன்பதுக்கு ஒரு ஜெபம் சொல்லிவிட்டு மெஷினில் உட்கார்ந்தால் பதினொன்று, பதினொன்றரை வரை கடகடகடவென்று ஓடும். அது ஓடும்வரை எனக்கு ஒன்றுமில்லை. அது நின்றபிறகுதான் ராத்திரியே ஆரம்பிக்கும். அதற்கப்புறம் மகன் வாங்கிவைத்த பிரிட்ஜ் ஒன்றுதான் உறுமிக்கொண்டிருக்கும். அதுவும் நடுவில் நின்றுபோகும். நின்றதும் வீட்டைத் தூக்கிக் கிணற்றுக்குள் போட்ட மாதிரி இருக்கும்.

இப்போது தண்ணீர் விஷயத்தைச் சொல்ல வேண்டும். எங்கள் தெருவுக்குக் குடிதண்ணீர் முறை வைத்துத்தான் வரும். எட்டு நாள், ஒன்பது நாள், சில சமயம் அதற்கும் மேல். நேரம் சொல்ல முடியாது, பெரும்பாலும் ராத்திரிதான். வாசலில் முழங்கால் ஆழம் குழி தோண்டி அதற்குள் குழாய் இருக்கும், மேலே வைத்தால் ஏறாது. முறை நாளில் குழாயைத் திறந்துவைத்து, கீழே ஒரு எவர்சில்வர் தட்டைச் சாய்த்து வைத்துவிட்டுப் படுப்போம். தண்ணீருக்கு முன்னால் காற்று வரும், உஸ்ஸென்று. பிறகு தட்டில் சொட்டுச் சொட்டாக விழும். அந்தச் சத்தத்துக்கு முழிப்புத் தட்டும். முதலில் கேட்டவள் வாசலில் நின்று "தண்ணி வந்துட்டு" என்று தெருவுக்கே கேட்கக் கூப்பிட வேண்டும். கூப்பிடாமல் தன் குடத்தை மட்டும் நிறைத்தவளை எங்கள் தெருவில் வருஷக்கணக்கில் பேசுவார்கள்.

என் வீடு தெருவின் பள்ளத்தில் இருக்கிறது. எனக்குத்தான் முதலில் வரும். ஆனால் நான் ஒருநாளும் கூப்பிட்டதில்லை. எனக்குத் தொண்டை எழும்பாது. எதிர்வீட்டுக் கதவை இரண்டு தட்டுத் தட்டுவேன். அவள் தலையை முடிந்துகொண்டே வந்து எனக்கும் சேர்த்துக் கத்துவாள். அப்புறம் பார்க்க வேண்டும், எல்லா வீட்டிலும் லைட் எரியும், குடம் இடிபடும், சண்டை நடக்கும், சிரிப்பு நடக்கும். தண்ணீர் வருகிற ராத்திரியில் மட்டும் எனக்குப் பயம் கிடையாது. குடம் நிறைந்தபிறகும் உள்ளே போகாமல் எதையாவது கழுவிக்கொண்டு நிற்பேன்.

போன சித்திரையில் ஒருநாள். வெயில் அடித்து ஊருக்கு வெளியே கரிசல் காடெல்லாம் கால் போகிற அளவுக்கு வெடித்துக் கிடந்த நேரம். அன்றைக்கு எட்டாம் நாள் என்று என் கணக்கு. எதிர்வீட்டுக்காரி பகலில் புதியம்புத்தூர் போய் அலைந்துவிட்டு வந்தவள், ராத்திரி மெஷினில் உட்காரவில்லை, படுத்துவிட்டாள். ஒன்பதரைக்கே தெரு அடங்கிவிட்டது. நான் தாழ்ப்பாளைத் தொட்டுத் தொட்டுப் பார்த்துக்கொண்டு கிடந்தேன். ஒரு மணி இருக்கும், கரண்ட் போனது. பேன் நின்றது. பிரிட்ஜ் நின்றது. தெருவிளக்கும் இல்லை. என் நெஞ்சு அடிப்பது என் காதுக்கே கேட்டது. மூச்சு பாதியில் நிற்கிற மாதிரி இருந்தது. கதவைத் திறந்துகொண்டு வாசலுக்கு வந்து நின்றேன். ஒரு நாய்கூட இல்லை.

ஒரு மனுஷக் குரல் கேட்டால் போதும் என்று இருந்தது. எதிர்வீட்டைத் தட்டியிருக்கலாம். தட்டினால் "என்னக்கா?" என்று முகத்தைப் பார்த்துக் கேட்பாள். பயமாயிருக்கிறது என்று சொல்ல வேண்டும். அது மகன் காதுக்குப் போகும். நான் வாயைத் திறந்தேன். என்ன சொல்லப்போகிறேன் என்று எனக்கே தெரியாது. வந்தது இதுதான்.

"தண்ணி வந்துட்டு! ஏ, தண்ணி வந்துட்டு!"

என் குரல் அவ்வளவு தூரம் போகும் என்று எனக்குத் தெரியாது. கதவுகள் படபடவென்று திறந்தன. செல்போன் வெளிச்சம் ஒவ்வொரு வாசலாக வந்தது. மேல்கோடியில் ரிட்டயர்டு கண்டக்டர் ஒருவர் இருக்கிறார், அவர் கைக்கு இரண்டாக நாலு குடத்தோடு ஓடிவந்தார்.

"மதினி சத்தமா இது? நான் வேற யாரோன்னுல்லா நெனச்சேன். இருவது வருசமா இந்தத் தெருவுல இருக்கேன், இவிய குரலை இன்னைக்குத்தான் கேக்கேன்."

பின்னாலேயே வந்த அவர் மனைவி விடவில்லை. "நீங்க பேசுதத நிறுத்தினாத்தான மத்தவிய குரலு கேக்கும்."

"ஏட்டி, கரண்ட் இல்ல, கவனிச்சியா? எவனும் மோட்டாரப் போட்டு உறிய முடியாது. இன்னைக்குத்தான் எல்லாத்துக்கும் சமமா வரும். மதினி வாய்க்குச் சக்கரை போடணும்."

எப்போதும் வராதவர்கள்கூடக் குடத்தைத் தூக்கிக்கொண்டு வந்திருந்தார்கள். கண்டக்டர் என் குழாய்க் குழியைப் பார்க்கக் குனிந்தார். அதற்குள் எதிர்வீட்டுக்காரி "தள்ளுங்கண்ணாச்சி, நைட்டி நனைஞ்சாலும் பரவால்ல, நான் பாக்கேன்" என்று குழிக்குள் இறங்கிவிட்டாள். போன் வெளிச்சத்தில் கொஞ்ச நேரம் குனிந்திருந்தாள். பிறகு நிமிர்ந்து, "காத்து வந்திருக்கு" என்றாள்.

காற்று வந்தால் பின்னாலேயே தண்ணீர் வரும் என்பது எங்களுக்குத் தெரிந்த விஷயம். ஆகவே யாரும் போகவில்லை. குடங்களை வரிசையாக வைத்துவிட்டு அவரவர் குடத்துக்குப் பக்கத்தில் உட்கார்ந்துவிட்டார்கள். கண்டக்டர் வரிசையை எண்ணி, "எல்லாரும் ஏறியாச்சா? சில்லறையா வச்சிருங்க" என்றார். அவர் மனைவி உள்ளே போய்க் கருப்பட்டிக் காப்பி போட்டுக்கொண்டு வந்தாள். "புதுத் தண்ணிதான் வரப்போகுதேன்னு இருந்த கடேசிக் குடத்தையும் கொதிக்க வச்சிட்டேன். குடிங்க மதினி" என்று என் கையில் டம்ளரைக் கொடுத்தாள். எனக்கு அந்தக் காப்பி இறங்கவில்லை. ஆனால் உண்மையைச் சொல்லிவிடுகிறேன். நெஞ்சுத் தடதடப்பு நின்றுவிட்டது. இருட்டில் சுற்றிலும் ஆட்கள் உட்கார்ந்து, யார் வீட்டு மாடு கன்று போட்டது, எந்தக் கடையில் அரிசி நன்றாயிருக்கிறது என்று பேசிக்கொண்டிருக்க, நான் நடுவில் உட்கார்ந்திருந்தேன். செய்தது தப்பு என்று தெரிந்தும் அவர்கள் போய்விடக் கூடாதே என்றுதான் இருந்தது.

ஒரு மணி நேரம் ஆனது. குழாய் ஊமையாகவே கிடந்தது. கண்டக்டர் பொறுக்கமாட்டாமல் தண்ணீர் திறந்துவிடுகிறவருக்குப் போன் போட்டு, எல்லோருக்கும் கேட்கிற மாதிரி வைத்தார்.

"அண்ணாச்சி, எங்க தெருவுக்குத் திறந்துட்டியளா?"

"ஏங்கய்யா, மணி என்ன ஆகுது? ஒங்களுக்கு நாளைக் கழிச்சுல்லா. நான் வீட்டுல படுத்துக் கிடக்கேன்."

போன் வெளிச்சமெல்லாம் என் பக்கம் திரும்பியது. பூமி வெடிப்புக்குள் போய்விடலாமா என்று இருந்தது.

"மதினிக்கு மட்டும் தனி லைன் போட்டிருக்காவ போல" என்றார் கண்டக்டர். எல்லோரும் சிரித்தார்கள்.

எதிர்வீட்டுக்காரிதான் குறுக்கே வந்தாள். "சும்மா இருங்கண்ணாச்சி. எனக்கும்தான் சத்தம் கேட்டுச்சு. பழைய காத்து பைப்புக்குள்ள நின்னிருக்கும். வயசானவிய தூக்கத்தக் கெடுத்துக்கிட்டு நமக்காகத்தான கூப்பிட்டாவ?"

அந்த நேரம் கரண்ட் வந்தது. கொட்டாவி விட்டுக்கொண்டே குடங்களைத் தூக்கிக்கொண்டு போனார்கள். அவள் மட்டும் போகவில்லை. என் வாசற்படியில் உட்கார்ந்தாள்.

"அக்கா, தட்டு வச்சிருக்கிய. குழாயைத் திறக்கலையே."

எனக்கு ஒன்றும் புரியவில்லை.

"குழாய் இறுக்கி மூடிக் கிடந்துச்சு. நான்தான் குழிக்குள்ள எறங்கித் திறந்துவிட்டேன். மூடின குழாய்ல காத்து எப்படிக்கா வரும்? கண்டக்டர் அண்ணாச்சி பாத்திருந்தா நாளைக்குப் பஸ் ஸ்டாண்ட் வரைக்கும் சொல்லியிருப்பாவ."

மறதியில் தட்டை வைத்துவிட்டுக் குழாயைத் திறக்காமல் படுத்திருக்கிறேன். பொய் சொல்லக்கூட ஒழுங்காகத் தெரியவில்லை எனக்கு. அழுகை வந்துவிட்டது. எல்லாவற்றையும் சொன்னேன். என் வீட்டுக்காரர் கேட்கிற கேள்வி, தாழ்ப்பாள், மெஷின் சத்தம், மகன் போட்ட கண்டிஷன் எல்லாம். இத்தனை வருஷத்தில் அவளிடம் அவ்வளவு பேசியதில்லை.

அவள் சிரித்தாள். "பயத்த ஒங்க பேருக்கு மட்டும் பட்டா போட்டுக் குடுத்திருக்கா? மகளக் கட்டிக்குடுத்த அன்னையிலருந்து எனக்கும்தான் தூக்கம் கிடையாது. இல்லன்னா பதினோரு மணி வரைக்கும் மெஷினை மிதிக்கணும்னு எனக்கு வேண்டுதலா?"

மறுநாள் காலையில் என் வீட்டிலிருந்த இரண்டு குடத்தில் ஒன்றைக் கொண்டுபோய்க் கண்டக்டர் வீட்டு வாசலில் வைத்துவிட்டு, கூப்பிடாமல் வந்துவிட்டேன். அதற்கடுத்த ராத்திரி நிஜமாகவே தண்ணீர் வந்தது. எனக்குத்தான் முதலில் கேட்டது. கூப்பிட வெட்கம், கூப்பிடாவிட்டால் பாவம். இரண்டு தடவை போய்த் தட்டைத் தொட்டுப் பார்த்து, நனைந்த விரலோடு நின்று கூப்பிட்டேன். கண்டக்டர் ஜன்னல் வழியாக, "மதினி, தண்ணியா, காத்தா?" என்றார். கேட்டாரே தவிர, குடத்தோடு முதலில் வந்தவரும் அவர்தான்.

இதோடு முடிந்தது என்றுதான் நினைத்தேன். வைகாசியில் என் மகன் வந்தான். கண்டக்டர் கடைவாசலில் வைத்து வேடிக்கையாகச் சொல்லியிருக்கிறார், உங்கள் அம்மா தெருவையே எழுப்பிவிட்டார்கள் என்று. அவன் வீட்டுக்கு வந்து, "அம்மா, ஒனக்குக் காதுல ஏதோ கோளாறு இருக்கு. வராத சத்தம்லாம் கேக்குது" என்றான். நான் எவ்வளவோ மறுத்தும் கேட்கவில்லை, காது டாக்டரிடம் கூட்டிக்கொண்டு போனான். ஒரு கண்ணாடி அறைக்குள் உட்காரவைத்துக் காதில் எதையோ மாட்டி, சத்தம் கேட்டால் பொத்தானை அமுக்கச் சொன்னார்கள். கொசு மூச்சு விடுகிற மாதிரி சத்தம் எல்லாம் வந்தது. எல்லாவற்றுக்கும் அமுக்கினேன். டாக்டர் பார்த்துவிட்டு, "இந்த வயசுல இப்படிக் காது அபூர்வம். அம்மாவுக்கு ஒண்ணுமே இல்ல" என்றார்.

திரும்பும்போது சர்பத் குடிக்க நின்றோம். அவன் டம்ளரைப் பார்த்துக்கொண்டே கேட்டான். "காது நல்லாருக்கு. அப்புறம் எப்படிம்மா?"

இனிமேல் மறைக்கக் கூடாது என்று தோன்றியது. அவன் பஸ் செலவு, டாக்டர் செலவு, லீவு எல்லாம் என் பொய்யால்.

"தண்ணி வரலன்னு எனக்குத் தெரியும்."

"தெரிஞ்சுமா கூப்பிட்ட?"

"ஆமா."

"எதுக்கு?"

"ஆள் வரட்டும்னு."

சர்பத்தில் இருந்த ஐஸ் முழுக்கக் கரைந்துவிட்டது. பிறகு, "நாளைக்கே கிளம்பு. துணிய எடுத்து வை" என்றான்.

நான் அவனிடம் எதற்கும் மாட்டேன் என்று சொன்னதில்லை. அன்றைக்குச் சொன்னேன். "நான் வரலய்யா. பயம் இங்கனயும் வரும், அங்கனயும் வரும். இங்கன பயந்தா ஒரு சத்தம் குடுத்தேன், முப்பது குடம் வந்துச்சு. ஒன் மூணாவது மாடியில நின்னு தண்ணி வந்துட்டுன்னு கூப்பிட்டா யாரு வருவா?"

"போலீஸ் வரும்" என்றான். சொல்லிவிட்டு அவனே சிரித்துவிட்டான். முகத்தை அந்தப் பக்கம் திருப்பிக்கொண்டு சிரித்தான். அப்படியே அவன் அப்பா சாடை.

அன்று சாயந்திரம் எதிர்வீட்டில் போய் ரொம்ப நேரம் பேசிக்கொண்டிருந்தான். வந்து, "கார்த்திகை வரைக்கும் பாக்கேன். ஆனா போன்ல பொய் சொல்லக் கூடாது. தூங்கலன்னா தூங்கலன்னு சொல்லணும்" என்றான். சரி என்றேன்.

அந்தத் தண்ணீர் வராத ராத்திரிக்கு மறுநாளிலிருந்தே எதிர்வீட்டுக்காரி ஒன்று ஆரம்பித்திருந்தாள். மெஷினை நிறுத்திவிட்டு, ஜன்னல் வழியாகத் தெருவைத் தாண்டிக் கூப்பிடுவாள்.

"அக்கா, தூங்கிட்டியளா?"

நான் உள்ளே இருந்து, "தூங்கிட்டேன்!" என்பேன்.

முதல் நாள் நான் சொன்ன பதிலைக் கேட்டு அவளே விழுந்து விழுந்து சிரித்தாள். இப்போது மேல்கோடியிலிருந்து கண்டக்டர் குரலும் சேர்ந்துகொள்கிறது. நான் தூங்கிவிட்டேன் என்றதும், "ரைட், போலாம்!" என்பார். உடனே அவர் மனைவி அவரைத் திட்டுவதும் கேட்கும். என் வீட்டுக்காரர் கேட்டது வேறு கேள்வி. கதவைப் பற்றி இவர்கள் யாரும் கேட்பதில்லை. அந்தக் கேள்வியைக் கேட்க ஆளில்லாமலேதான் இருக்கிறது, நானும் எழுந்துபோய்த் தாழ்ப்பாளைத் தொட்டுப் பார்க்கத்தான் செய்கிறேன். முன்னால் கணக்கில்லாமல் எழுந்திருப்பேன். இப்போது ராத்திரிக்கு இரண்டு தடவை.

இது ஐப்பசி. கார்த்திகையில் மகன் வருவான். வந்ததும் இதை அவன் கையில் கொடுக்கலாம் என்று இருக்கிறேன். அதற்கு முன்னால் எதிர்வீட்டுக்காரி ஒருதடவை படித்துப் பார்த்துவிட வேண்டும். இனி எழுதுவது அவளுக்கு. கரண்ட் போனது ஒரு மணிக்கா, அதற்கு முந்தியா, எனக்குச் சரியாக நினைவில்லை. முப்பது குடம் என்று மகனிடம் சொல்லிவிட்டேன், அவ்வளவு இருந்ததா என்று கண்டக்டர் வீட்டில் கேட்டுக்கொள். நான் ஒருதடவை கூப்பிட்டேனா, இரண்டு தடவையா என்பதும் உனக்குத்தான் தெரியும். அப்புறம் முக்கியமானது ஒன்று. ராத்திரிக்கு இரண்டு தடவைதான் எழுந்திருக்கிறேன் என்று எழுதியிருக்கிறேன். நான் எழுந்தால் லைட் போடுவேன், அது உன் ஜன்னலுக்குத் தெரியும். மூன்று என்றால் மூன்று என்று திருத்திவிடு. ஜன்னலிலிருந்து கூப்பிட்டுச் சொல்லாதே, தெருவே கேட்டுக்கொண்டிருக்கும். வீட்டுக்கு வந்து சொல்.